வழக்குப் போட்டவரே வராவிட்டால்?

கேள்வி: அடுக்களையை நீட்டித் தருவதாக 3,600 வெள்ளி முன்பணம் வாங்கிய குத்தகைக்காரர், நாலு வரிசைக் கல் அடுக்கிவிட்டு ஆளைக் காணோம். தெலுக் இந்தான் நீதிமன்றத்தில் நானே வழக்குப் போட்டேன். விசாரணை நாளில் எங்கள் தோட்டத்துக் கோயிலில் தீமிதி. போக முடியவில்லை. என்னைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்காமல் தள்ளுபடி செய்துவிட்டார்கள். ஏழை சொல் அம்பலம் ஏறாது என்பது இதுதானா?
– வாசகர், ஊத்தான் மெலிந்தாங்

பதில்: உங்கள் சொல் அம்பலத்துப் பக்கமே வரவில்லையே ஐயா, எப்படி ஏறும்?

கூப்பிடாமல் இருந்திருக்க மாட்டார்கள். பெயரைச் சொல்லி அழைத்திருப்பார்கள். நீங்கள் அந்நேரம் பூக்குழி ஓரத்தில். பணம் கொடுத்ததையும் வேலை பாதியில் நின்றதையும் காட்ட வேண்டியவர் நீங்கள். ரசீது உங்கள் பையில், போட்டோ உங்கள் கைபேசியில். மாஜிஸ்திரேட் யாரிடம் எதைக் கேட்பார்? இதே குத்தகைக்காரர் வராமல் இருந்து, உங்கள் பக்கம் தீர்ப்பாகியிருந்தால், 'பாவம், அவரைக் கேட்கவில்லையே' என்று எனக்கு எழுதியிருப்பீர்களா?

5,000 வெள்ளி வரையிலான கோரிக்கைகளுக்கு மலேசியாவின் 2012 நீதிமன்ற விதிகளில், 93ஆவது ஆணையில், தனி வழியே வைத்திருக்கிறார்கள். வக்கீல் வேண்டியதில்லை, செலவும் குறைவு. ஏழைக்கென்றே செய்த ஏற்பாடு. நேரில் வாருங்கள் என்பதுதான் அதில் கேட்கும் பெரிய விலை. வக்கீல் மறந்துவிட்டார் என்று பழி போடக்கூட உங்களுக்கு ஆளில்லை! தீமிதி என்ன, திடீரென்று வந்த காய்ச்சலா? காப்புக் கட்டுவதற்கு முன்பே லயம் முழுக்க நோட்டீஸ் வந்திருக்குமே. தேதி இடிக்கிறது என்று தெரிந்த அன்றே நீதிமன்றப் பதிவகத்தில் எழுதிக் கொடுத்து, தவணை மாற்றக் கேட்டிருக்கலாம்.

தேதியே தெரியாமல் வழக்கை இழப்பவர்களும் உண்டு, அவர்களுக்காக நான் பரிந்து பேசுவேன். தோட்டத்தை விட்டுத் தாமான் வீட்டுக்குக் குடிபோன பிறகும் பாரத்தில் பழைய லயத்து முகவரியை எழுதியிருப்பார்கள். கடிதம் தோட்டத்து ஆபீசுக்குப் போகும். கிராணி மேசையில் ரப்பர் வளையம் போட்ட கட்டுக்குள் கிடக்கும். 'இது உங்க வீட்டுக் கடுதாசி' என்று யாராவது கொண்டுவந்து நீட்டும்போது தவணை தாண்டியிருக்கும். உங்கள் கடிதத்தில் அப்படி எதுவும் இல்லை.

சரி, இனி ஆக வேண்டியதைப் பாருங்கள். உத்தரவின் நகலை வாங்குங்கள். வராத காரணத்தைச் சொல்லி அதை ரத்து செய்யக் கேட்கலாம். அதற்குக் கெடு உண்டு. இந்த வாரமே போங்கள். நீங்களே பூ மிதித்தவர் என்றால் கொஞ்சம் இரக்கம் பிறக்கலாம், வேடிக்கை பார்க்கப் போனவர் என்றால் சிரமம்தான். விசாரித்துத் தீர்க்காமல் வழக்குப் பட்டியலிலிருந்து எடுத்ததோடு சரி என்றால், புதிதாக வழக்குப் போடவும் வழியிருக்கும். ஒப்பந்தப் பாக்கிக்கு 1953ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டம் 6 ஆண்டு தருகிறது. எது உங்களுக்குப் பொருந்தும் என்று பதிவகத்தில் கேளுங்கள். போகும்போது ரசீதின் அசலை எடுத்துப் போங்கள், அப்புறம் அதற்கு ஒரு நடை வேண்டாம்.