எல்லைக்கு இப்பால் விழுந்த குண்டுகள்

கேள்வி: விமானப்படை நாள் கூட்டம் ஒன்றில் பேசியவர், "நம் விமானப்படை பிறந்த சில ஆண்டுகளிலேயே வடமேற்கு எல்லையில் அந்நியப் படையெடுப்பைத் தடுத்து நாட்டைக் காத்தது" என்றார். இந்தப் பெருமை நம் பிள்ளைகளின் பாடப் புத்தகத்தில் ஏன் இல்லை? – ஒரு வாசகர், திருச்சி

பதில்: படையெடுத்து வந்த அந்த அந்நியர் யார் என்று அவரிடம் அங்கேயே கேட்டிருக்கலாம். அப்படி யாரும் வரவில்லை. 1937இல் நம் விமானிகள் வஜீரிஸ்தானில் உள்ள மீரான்ஷா தளத்திலிருந்து கிளம்பிப் போனது, பிட்டானி பழங்குடியினரை எதிர்த்துச் சண்டையிட்ட தரைப்படைக்குத் துணையாக. அவர்கள் இன்று பாகிஸ்தானில் இருக்கும் வஜீரிஸ்தான் பகுதி மலைகளில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தவர்கள். 1893இல் ஆப்கானிஸ்தானுக்கும் பிரிட்டிஷ் இந்தியாவுக்கும் எல்லையாக டூரண்ட் கோடு போட்டபோது ஆங்கிலேயரே தங்கள் பக்கம் என்று சேர்த்துக்கொண்ட மலைகள் அவை. எல்லை தாண்டி வந்தவர்கள் மேல் அந்தக் குண்டுகள் விழவில்லை. எல்லைக்கு இப்பால், சொந்த ஊரில் இருந்தவர்கள் மேல் விழுந்தன. இதை மறைத்துவிட்டு அந்த வரலாற்றைப் பேசவே முடியாது.

நிஜமான எல்லைப் போர் ஒன்று 1919இல் நடந்தது. மூன்றாம் ஆப்கன் போர். அப்போது ஆங்கிலேயரிடம் பெஷாவர் பக்கத்து ரிசால்பூரில் 31ஆம் ஸ்குவாட்ரன் இருந்தது. 1915 டிசம்பரில் இந்தியாவுக்கு வந்த முதல் ராணுவ விமானப் பிரிவு அதுதான். அதன் பி.இ.2சி விமானங்கள் மரச்சட்டத்தில் துணி போர்த்தியவை. கோடை வெக்கையில் இயந்திரம் திணறும்; கைபர் பக்கத்து மலைமுகடுகளைத் தாண்டுமளவு உயரம் ஏற முடியாமல் பள்ளத்தாக்குக்குள்ளேயே பறக்க வேண்டியிருந்தது. விமானத்தைக் கீழே இருந்து சுடுவார்கள் என்றுதான் நாம் நினைப்போம். அங்கே மலைமேல் நின்றவர்கள் கீழே பார்த்துச் சுட்டார்கள்! அப்படிப் பறந்தவர்களின் துணிச்சலை யாரும் குறைத்துச் சொல்ல முடியாது.

அந்தப் போரில் மே 24ஆம் தேதி ஹேலி என்ற கேப்டன் நான்கு இயந்திரம் கொண்ட ஹேண்ட்லி பேஜ் விமானத்தில் காபூலுக்குப் பறந்து ஆப்கன் மன்னர் அமீர் அமானுல்லாவின் அரண்மனையைக் குண்டுவீசித் தாக்கினார். பிறகு அமானுல்லா வைஸ்ராய்க்கு எழுதிய கடிதம் ஒவ்வொரு மாணவரும் படிக்க வேண்டியது. ஜெர்மானியரின் செப்பலின் வான்கப்பல்கள் லண்டன்மீது குண்டு போட்டதைக் காட்டுமிராண்டித்தனம் என்று கண்டித்தார்களே, இப்போது அதையே நாகரிக மேற்குலகத்தார் செய்வதைக் கண்ணால் காண்கிறோமே என்று கேட்டிருந்தார். அந்தக் கேள்விக்கு நியாயமான பதில் லண்டனிடம் இருக்கவில்லை.

போர் முடிந்தது, எல்லைக்கு இப்பால் குண்டுவீச்சு தொடர்ந்தது. காரணம் பணம். மலைக்குள் தரைப்படையை அனுப்பினால் சாலை, கோவேறு கழுதை, உணவு, காவல் அரண் என்று செலவு ஏறிக்கொண்டே போகும், உயிர்ச்சேதமும் அதிகம். விமானத்தால் அதே வேலையைச் சொற்பச் செலவில் முடிக்கலாம் என்று பிரிட்டிஷ் விமானப்படைத் தலைவர் டிரென்சார்ட் அரசை நம்பவைத்தார். 1925இல் விங் கமாண்டர் பிங்க் என்பவரின் தலைமையில் மூன்று ஸ்குவாட்ரன்கள், தரைப்படை இல்லாமல், தெற்கு வஜீரிஸ்தானில் மெஹ்சூத் மக்களின் ஊர்களை 54 நாள் தாக்கின. அவர்கள் பணிந்தார்கள். ஆங்கிலேயர் தரப்பில் இறந்த விமானிகள் இருவர். "பிங்க்கின் போர்" என்று அதற்குப் பெயரே வைத்து, வெற்றிக்கு எடுத்துக்காட்டாகச் சொல்லிக்கொண்டார்கள்.

எப்படிப் பணியவைத்தார்கள் என்பதைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். முதலில் துண்டறிக்கை விழும்: அபராதம் கட்டு, ஆட்களை ஒப்படை, இல்லையென்றால் இன்ன நாளுக்குள் ஊரைக் காலிசெய். கெடு முடிந்ததும் வீடுகள்மேல் குண்டு. ஊரைவிட்டுப் போனவர்கள் திரும்பி வராதபடி தாமதித்து வெடிக்கும் குண்டுகளும் பயன்பட்டன. விதைக்க வயலுக்கு வர முடியாது. ஆடுமாட்டை மேய்ச்சலுக்கு ஓட்ட முடியாது. குடும்பங்கள் குகைகளுக்குள் ஒடுங்கின. துப்பாக்கி எடுத்தவனுக்கும் அவன் வீட்டுக் கைக்குழந்தைக்கும் ஒரே தண்டனை. முன்னெச்சரிக்கை கொடுத்ததால் இது மனிதநேயமான முறை என்று அன்று வாதாடியவர்கள் உண்டு. எச்சரித்துவிட்டு ஓர் ஊரின் விளைச்சலை அழிப்பது மனிதநேயம் என்றால், அந்தச் சொல்லை நான் வேறெங்கும் பயன்படுத்தவே அஞ்சுவேன்.

விமானிகளிடம் ஒரு சீட்டும் இருந்தது. இந்த ஆளை உயிரோடும் காயமில்லாமலும் கொண்டுவந்து ஒப்படைத்தால் வெகுமதி தரப்படும் என்று உள்ளூர் மொழிகளில் எழுதிய உறுதிச்சீட்டு. பிடிபட்டால் என்ன ஆகும் என்ற அச்சம் அவர்களுக்கு எப்போதும் இருந்தது. இயந்திரம் நின்றாலே போதும், கீழே இறங்க இடமில்லாத பாறைக்காடு.

இனி நம்மவர்கள் கதை. 1933 மார்ச் 16 அன்று ஜெனீவா ஆயுதக்குறைப்பு மாநாட்டில் பிரிட்டிஷ் பிரதமர் ராம்சே மெக்டொனால்ட் ஒரு வரைவு வைத்தார். வான்வழிக் குண்டுவீச்சை உலகம் முழுவதும் ஒழிக்க வேண்டும் என்றது அது. கூடவே ஒரு விதிவிலக்கு: தொலைதூரப் பகுதிகள் சிலவற்றில் காவல் பணிக்காக வீசலாம். வஜீரிஸ்தான் போன்ற இடங்களை மனத்தில் வைத்துச் சேர்த்த வரி அது. இரண்டே வாரம் கழித்து, ஏப்ரல் 1 அன்று, கராச்சி டிரிக் ரோட்டில் இந்திய விமானப்படையின் முதல் ஸ்குவாட்ரன் நான்கு வாபிட்டி விமானங்களோடு தொடங்கியது. சுப்ரதோ முகர்ஜி உள்ளிட்ட இளம் இந்திய விமானிகளும், ஹவாய் சிப்பாய்கள் எனப்பட்ட தரைப் பணியாளர்களும் சேர்ந்த சிறு கூட்டம். அவர்களைப் பின்னாளில் அனுப்பிய இடம் அந்த விதிவிலக்குக்குள் இருந்த மலைகள்.

இந்தியனுக்கு விமானம் ஓட்ட வராது என்ற ஏளனத்தை அந்த இளைஞர்கள் பொய்யாக்கினார்கள். அதில் எனக்குப் பெருமைதான். முகர்ஜி 1954இல் விமானப்படையின் முதல் இந்தியத் தளபதி ஆனார். அதே மலைகளில் துப்பாக்கிச் சூட்டில் விமானத்தோடு வீழ்த்தப்பட்டு உயிர்தப்பிய அர்ஜன் சிங், 1965 போரில் தளபதியாக இருந்தார். ஆனால் அவர்கள் அன்று பறந்தது பேரரசின் கட்டளைப்படி. எதிரே இருந்தவர்கள் அந்தப் பேரரசுக்கு அடங்க மறுத்தவர்கள், ஆங்கிலேயரை எதிர்த்துப் போராடிய வஜீரிஸ்தான் தலைவர் இப்பி ஃபக்கீரின் தலைமையை ஏற்றவர்கள் உட்பட. அதே ஆண்டுகளில் ஸ்பெயின் நகரங்களின்மீது நடந்த குண்டுவீச்சைக் கண்டித்த நேரு, வடமேற்கு எல்லைக் குண்டுவீச்சையும் சேர்த்தே கண்டித்தார். அன்றைய விடுதலை இயக்கம் இதைப் பெருமையாகக் கொண்டாடவில்லை. நாம் இப்போது தொடங்க என்ன அவசியம் வந்தது?

1947க்குப் பிறகும் அந்த மலைமக்களுக்கு விடிவில்லை. ஃபக்கீரின் ஆட்களைத் தேடி 1949இல் பாகிஸ்தான் விமானம் வீசிய குண்டுகள் ஆப்கன் பக்கத்து ஊரில் விழுந்தன; அந்த ஆண்டே காபூலில் கூடிய லோயா ஜிர்கா என்ற ஆப்கன் பேரவை, டூரண்ட் எல்லைக்கோட்டை ஏற்க முடியாது என்று அறிவித்தது.

பாடப் புத்தகத்தில் இது வர வேண்டும் என்ற உங்கள் விருப்பத்தை நான் முழுமனத்தோடு ஆதரிக்கிறேன். டிரிக் ரோட்டின் நான்கு வாபிட்டிகள் அதில் இருக்கட்டும். அமானுல்லாவின் கடிதமும், ஜெனீவா விதிவிலக்கும், கெடு வைத்த துண்டறிக்கையும் அதே பக்கத்தில் அச்சாகட்டும்.