கேளுங்கள், சொல்கிறோம்

மாங்குளம் வாசகி: "ஊமைப்பட நடிகைகளுக்குக் குரல் சரியில்லை, அதனால்தான் பேசும் படம் வந்ததும் எல்லாரையும் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள் என்று அம்மம்மா அடித்துச் சொல்கிறா. உண்மையா?"

அம்மம்மா சொன்னது பாதி சரி. குரலை விட மொழிதான் பலரைக் கவிழ்த்தது. பம்பாயில் சுலோச்சனா என்று ஒருவர், சொந்தப் பெயர் ரூபி மையர்ஸ், யூதக் குடும்பம், டெலிபோன் ஒப்பரேட்டராக இருந்தவரைப் படத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். 1927இல் ஒரே படத்தில் எட்டு வேஷம் கட்டினார், அதில் ஒன்று பொலிஸ்காரன். ஊமைப்படத்தில் அவர் வாயைத் திறந்து என்ன சொன்னால் யாருக்கு என்ன? வசனத்தைத் திரையில் காட்டும் எழுத்து அட்டையை வேண்டிய மொழியில் போட்டுக்கொள்ளலாம். 1931 மார்ச்சில் இந்தியாவின் முதல் பேசும் படம் 'ஆலம் ஆரா' பேசத் தொடங்கியதும் வந்தது வினை, அவருக்கு ஹிந்துஸ்தானி சரளமாக வராது. அழுதுகொண்டு இருக்கவில்லை. ஒரு வருஷம் ஒதுங்கி மொழியைப் படித்தார், 1932இல் தன்னுடைய பழைய 'மாதுரி'யையே பேச வைத்துக்கொண்டு திரும்பி வந்தார். 1928இல் ஊமையாக நடித்த அனார்கலியை 1935இல் பேசி நடித்தார். 1953இல் இன்னொரு அனார்கலி எடுத்தபோது அவருக்குக் கிடைத்தது சலீமின் தாய் வேஷம். காதலியாக நின்றவர் அதே ஆளுக்குத் தாய், ஆண் நடிகர்மாருக்கு இப்படி நடந்து நான் கேள்விப்பட்டதில்லை.

தமிழில் கதை வேறு. திருவையாற்றில் 1911இல் பிறந்த டி. பி. ராஜலட்சுமி நாடக மேடையில் பாடி வளர்ந்தவர். ஊமைப்படத்திலும் நடித்தார், 'கோவலன்' அதில் ஒன்று. யோசித்துப் பாருங்கள், பாடத் தெரிந்த பெண்ணைக் கூட்டிக்கொண்டு வந்து வாயை மட்டும் அசைக்கச் சொன்னால் எப்படி இருந்திருக்கும்! 1931 அக்டோபர் 31இல் தமிழின் முதல் பேசும் படம் 'காளிதாஸ்' சென்னையில் வந்தது, அவர் தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்னாராம். சனங்களுக்கு அது பெரிய விஷயமாகவே படவில்லை, பாட்டுக் கேட்டால் போதும். பின்னணிப் பாட்டு இன்னும் வராத காலம், நடிக்கிறவர்தான் கமராவுக்கு முன்னால் நின்று பாட வேண்டும், முகம் எவ்வளவு லட்சணமாக இருந்தாலும் தொண்டை இல்லாவிட்டால் கதை முடிந்தது.

அந்தத் தொண்டை என்னவென்று எனக்கு விளங்கியது முள்ளியவளையில். சின்ன வயதில் கோவலன் கூத்துப் பார்க்கப் போனேன், நடுச்சாமத்தில் ஜெனரேட்டர் நின்றுபோய் மைக் செத்துவிட்டது. கண்ணகி வேஷம் கட்டியிருந்த ஆம்பிளை ஒரு சொல்லையும் விடவில்லை, மத்தளத்தையும் சல்லரியையும் மட்டும் வைத்துக்கொண்டு, கடைசியில் கச்சான் வறுத்துக்கொண்டிருந்த அம்மாவும் அகப்பையை நிறுத்திவிட்டுப் பார்க்கிற அளவுக்குப் பாடினார். ராஜலட்சுமி வந்ததும் அப்படி ஒரு மேடையில் இருந்துதான். அப்புறம் அவர் நடிப்போடு நிற்கவில்லை, 1936இல் 'மிஸ் கமலா'வைத் தானே எழுதி, தானே இயக்கி, தானே நடித்தார். அம்மம்மாவுக்கு இதையும் சொல்லுங்கோ.

ஒட்டுசுட்டான் வாசகர்: "காளிதாஸ் படத்தை யூடியூப்பில் தேடித் தேடிக் களைத்துப்போனேன். எங்கே பார்க்கலாம்?"

தேடாதேயுங்கோ தம்பி, படச்சுருள் இல்லாமல் போய்விட்டது. அந்தக் கால பிலிம் நைட்ரேட், பூச்சி அரிப்பதற்கு முன் நெருப்பே தின்றுவிடும், மிச்சத்தைச் சூடும் ஈரமும் பார்த்துக்கொண்டன. காளிதாசில் மிஞ்சியது சில புகைப்படங்களும் பாட்டுப் புத்தகமும்தான். தென்னிந்திய ஊமைப்படம் ஒன்றையாவது பார்க்க ஆசை என்றால் 1933இல் வந்த 'மார்த்தாண்ட வர்மா'வைத் தேடுங்கோ, அது தப்பிப் பிழைத்திருக்கிறது.