ரொட்டி சானாய் வீசுறப்ப கிழியுதுன்னு கேட்டவருக்கு

சகோ, மலேசியாவுல பினாங்குல இருந்து கும்பகோணம் திரும்பி வந்து ரொட்டி சானாய் (அந்த ஊரு பரோட்டா) போடுறேன், வீசுனா நடுவுல கிழியுது, மாவு அரை மணி நேரம் ஊறுச்சுன்னு எழுதியிருக்கீங்க. அந்த அரை மணி நேரம்தான் பிரச்சனை. மைதாவை நல்லா தளர பிசைஞ்சு உருண்டை பிடிச்சு எண்ணெய் தாராளமா தடவி மூடி அஞ்சாறு மணி நேரம் விடுங்க, விரலால அழுத்துனா குழி அப்படியே நிக்கணும், உடனே எழும்புனா இன்னும் ஆகலைன்னு அர்த்தம். வீச வரலைன்னா எண்ணெய் தடவுன மேடையில ஓரத்தை இழுத்து விட்டாலே போதும். கல்லுல இருந்து எடுத்ததும் சூட்டோட ரெண்டு கையாலயும் தட்டுங்க, அப்பதான் அடுக்கு பிரியும்.

இதை அங்க கொண்டு போனதே நம்ம தமிழ் முஸ்லிம்கள்தானே, நாகப்பட்டினத்துல இருந்து பினாங்குக்கு கப்பல் போன காலம் அது, எம்.வி. சிதம்பரம் கப்பல் 1985ல தீப்பிடிக்கிற வரைக்கும் ஓடுச்சு. மாமாக் கடையில, அதாவது அங்க தமிழ் முஸ்லிம்கள் நடத்துற சாப்பாட்டுக் கடையில, வித்தது இன்னைக்கு மலாய்க்காரர், சீனர் எல்லாருக்கும் காலை டிஃபன். 2024ல மலேசியாவோட காலை உணவுப் பழக்கத்தை யுனெஸ்கோ பட்டியல்ல சேத்தப்ப நாசி லெமாக் (தேங்காய்ப்பால் சோறு), தே தாரிக் (ஆத்துன பால் டீ) இதுகளோட ரொட்டி சானாயும் இருந்துச்சு, படிச்சப்ப எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

நாளைக்கு காலையில போடணும்னா இன்னைக்கு ராத்திரியே பிசைஞ்சு வச்சிடுங்க, எப்படி வந்துச்சுன்னு இங்கயே சொல்லுங்க.