தேதி போடாத லக்கினப் பத்திரிகை

கேள்வி: "நிச்சயம் முடித்துவிட்டு இரண்டு வருஷம் கழித்துக் கல்யாணம் வைத்துக்கொள்ளலாம் என்று நானும் அவரும் முடிவு செய்திருக்கிறோம். சொந்தக்காரர்கள் யாரைக் கேட்டாலும் வேண்டாம் என்கிறார்கள். இப்படிக் காத்திருந்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா?"

நான் இருக்கிறேன். 2022 ஆவணியில் நிச்சயம், 2025 தையில் கல்யாணம். வீட்டில் பார்த்த சம்பந்தம்தான்.

திண்டுக்கல்லில் எங்கள் வீட்டுக் கூடத்தில் நிச்சயம் நடந்தது. லக்கினப் பத்திரிகை எழுத உட்கார்ந்தபோதே பிரச்சினை ஆரம்பித்துவிட்டது. ஜோசியர் கல்யாணத் தேதியைக் கேட்டார். "2025 தை" என்றார் அப்பா. ஜோசியர் கையிலிருந்த பஞ்சாங்கத்தை மூடி வைத்துவிட்டு, "அந்த வருஷத்துப் பஞ்சாங்கமே இன்னும் அச்சாகலையேய்யா, முகூர்த்தத்தை எதுல பார்க்கச் சொல்றீங்க?" என்றார். பெரியப்பா எழுந்தே விட்டார். "ஏப்பா, தேதி போடாம வாசிச்சா அதுக்குப் பேரு பத்திரிகையா?" கடைசியில் 'தை மாதம் சுபமுகூர்த்தத்தில்' என்று மட்டும் எழுதி, நாலு மூலையிலும் மஞ்சள் தடவித் தட்டு மாற்றினார்கள். தட்டிலிருந்த தேங்காய் உருண்டுவிடாமல் அம்மா கட்டைவிரலால் அழுத்திப் பிடித்திருந்தது இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. அம்மாவுக்குக் கை நடுங்கியது.

காரணம் கடன். 2019-ல் அக்கா கல்யாணம் பேசி ஐம்பதே நாளில் முடிந்தது. அவசரத்தில் நகையை அடகு வைத்து, வீட்டுப் பத்திரத்தை வைத்து, மொத்தம் ஏழு லட்சம் வாங்கினோம். தவணை 2024 ஆடிக்குத்தான் தீரும். தம்பிக்கு அப்போதுதான் கல்லூரி முடியும். எனக்காக அப்பா இன்னொரு முறை பத்திரத்தைக் கையில் எடுத்துக்கொண்டு போவதை நான் பார்க்க விரும்பவில்லை. பெண் பார்க்க வந்த அன்று மொட்டை மாடியில் பேசக் கிடைத்த பத்து நிமிஷத்தில் இதைத்தான் அவரிடம் சொன்னேன். அவர் யோசித்துவிட்டு, "அப்ப செலவுல பாதி என்னோடது. ரெண்டு பேரும் மாசம் பத்தாயிரம் போடுவோம், ரெண்டு வருஷத்துல ஆகிடும்" என்றார். போட்டோம். வட்டியோடு ஐந்து லட்சம் தாண்டியது. மண்டபம், சாப்பாடு, துணிமணி எல்லாம் அதற்குள் முடிந்தது.

பெரியவர்கள் சொன்னதெல்லாம் வெறும் பேச்சு என்று நான் சொல்லமாட்டேன். தங்கம் விலை ஏறிவிடும் என்று சித்தி சொன்னது அப்படியே பலித்தது. நிச்சயத்தின்போது பவுன் 38,000-க்குப் பக்கத்தில் இருந்தது. கல்யாண மாதத்தில் 60,000-ஐத் தொட்டுவிட்டது. அதனால் நீங்கள் காத்திருப்பதென்றால் முதல் மாதமே நகைச் சீட்டில் சேர்ந்துவிடுங்கள். மாதா மாதம் அன்றைய விலைக்குக் கிராமாக வரவு வைக்கிற சீட்டாகப் பாருங்கள். பணமாகவே சேர்த்துக்கொண்டு வந்து கடைசியில் நகை எடுத்தால், விலை ஏறினது முழுக்க நம் தலையில்தான் விழும். நான் மாதம் ஐயாயிரம் வீதம் பதினொரு மாதச் சீட்டு இரண்டு கட்டினேன். செய்கூலி, சேதாரம் போக இரண்டு பவுன் சங்கிலி ஒன்று வந்தது.

குரு பலம் போய்விடும் என்பது அடுத்தது. குரு ஒரு ராசியில் ஏறக்குறைய ஒரு வருஷம்தான் இருப்பார். எங்கள் காத்திருப்பில் இரண்டு பெயர்ச்சி வந்துபோனது. நம்பிக்கை உள்ள வீடு என்றால் இதைத் தட்டிக் கழிக்காதீர்கள். நாங்கள் அதே ஜோசியரிடம் போய் உட்கார்ந்து, காத்திருந்து வைக்கிற வருஷத்தில் இருவரில் ஒருவருக்காவது பலம் இருக்கிறதா என்று கேட்டோம். இருந்தது. அதற்குப் பிறகு அம்மா நிம்மதியாகத் தூங்கினார்.

எனக்கு வலித்த பேச்சு வேறு. "இவ்வளவு நாள் விட்டா மாப்பிள்ளை மனசு மாறிடும்" என்று என் காதுபடவே சொன்னார்கள். மாறக்கூடிய மனசென்றால் தாலி ஏறுவதற்கு முன்னால் மாறட்டும் என்றுதான் நினைத்தேன், இன்றும் அதுவே என் எண்ணம். அக்கா தன் வீட்டுக்காரரின் கோபத்தைக் கல்யாணமான மூன்றாவது வாரத்தில்தான் முதல்முதலாகப் பார்த்தாள்.

யாரும் முன்கூட்டி எச்சரிக்காத ஒன்று, சீர். நிச்சயமாகிவிட்டால் பொங்கலுக்கும் தீபாவளிக்கும் அங்கிருந்து புடவை வரும், இங்கிருந்து பலகாரத் தட்டு போகும். ஒரு வருஷம் என்றால் சமாளித்துவிடலாம். இரண்டரை வருஷத்துக்குச் செய்தால் சேர்க்கிற பணத்தில் ஓட்டை விழும். முதல் தீபாவளிக்கு அப்பா வேட்டி சட்டை, மோதிரம் என்று கிளம்பியபோது அவரே போன் பண்ணி, "மாமா, தலை தீபாவளி வரைக்கும் எதுவும் வேண்டாம், எங்க வீட்லயும் சொல்லிட்டேன்" என்றார். அவர் அம்மா, என் அத்தை, இதற்காக நாலு மாதம் எங்களோடு சரியாகப் பேசவில்லை. அது கஷ்டமான காலம்தான்.

எல்லாவற்றையும்விடப் பெரிய இழப்பைச் சொல்லவேண்டும். என் கல்யாணத்தைப் பார்க்க ஆசைப்பட்ட அப்பத்தா 2024 பங்குனியில் இறந்துபோனது. "சீக்கிரம் முடிச்சிருந்தா கிழவி பார்த்துட்டுப் போயிருக்கும்" என்று சாவு வீட்டிலேயே ஒருவர் சொன்னார். நியாயமான பேச்சு என்பதால் எனக்குப் பதில் இல்லை, இன்றும் இல்லை. உங்கள் வீட்டில் வயதானவர்கள் இருந்தால் தேதி குறிக்குமுன் அவர்களோடு உட்கார்ந்து பேசுங்கள். நான் பேசவில்லை.

அப்பத்தா இறந்த அன்று அவர் வந்திருந்தார். கல்யாணம் ஆகாததால் சடங்கில் அவருக்கு எந்த முறையும் கிடையாது, எங்கே நிற்பது என்றுகூடத் தெரியாது. மதியம் நான் கொல்லைப்பக்கம் போனபோது, அடிபம்புக்குப் பக்கத்தில் சட்டைக்கையை மடித்துவிட்டு, வந்தவர்கள் குடித்துப்போட்ட டீ டம்ளர்களைக் கழுவிக்கொண்டிருந்தார். ஒரு அன்னக்கூடை நிறைய இருந்தது. என்னைப் பார்த்ததும், "உள்ள போ, அத்தைகிட்ட இரு" என்று மட்டும் சொன்னார். அத்தை என்றது என் அம்மாவை. அன்றைக்குத்தான் பெரியப்பா முதல்முறையாக அவரை "மாப்ள" என்று கூப்பிட்டார்.

அப்பத்தா தன் காதில் போட்ட தண்டட்டியை எனக்கென்று முடிந்து வைத்திருந்தது. உள்ளே இருந்த அரக்கை எடுத்த பிறகு எடை போட்டால் ஏழு கிராம்தான் தேறியது. அதை உருக்கித்தான் எனக்குத் திருமாங்கல்யம் செய்தோம்.