கேமராமேன் ஆகணும்னு கேக்கறவங்களுக்கு

சீரியல், சினிமான்னு கேமரா பிடிக்கிறவன் நான்; சொந்த ஊர் காட்பாடி. நம்ம பக்கத்துப் பிள்ளைங்க கேட்டதும் என் பதிலும்.

குடியாத்தம் தம்பி: பிளஸ் டூ முடிச்சிட்டேன் அண்ணா. படிக்கணுமா, நேரா அசிஸ்டென்ட்டா சேரலாமா?

படி தம்பி. தரமணியில எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கு, பி.சி.ஸ்ரீராம் அங்க படிச்சவர்தான். புனே திரைப்படக் கல்லூரிக்குப் போகணும்னா முதல்ல ஒரு டிகிரி வேணும். எங்க படிச்சாலும் ஆரம்பத்துல லென்ஸ் பெட்டி தூக்கி, ஃபோகஸ் சரியா விழ டேப் பிடிச்சு தூரம் அளக்கணும். நடிகர் கண்ணுல இருந்து லென்ஸ் முனை வரைக்கும் அளக்காதே. கேமரா உடம்புல வட்டத்துக்குக் குறுக்கே கோடு போட்ட குறி இருக்கும். படம் பதியற சென்சார் அங்கதான், அதுவரைக்கும் அள.

ராணிப்பேட்டை நண்பர்: கல்யாண வீடியோ எடுக்கறேன். மண்டபத்து டியூப்லைட்ல படம் பட்டை பட்டையா ஓடுது.

நம்ம கரன்ட் நொடிக்கு 50 சுற்று. அதனால விளக்கு நொடிக்கு 100 தடவை கூடிக் குறையுது. ஷட்டர், அதாவது ஒவ்வொரு ஃபிரேமுக்கும் வெளிச்சம் விழற நேரம், 1/60 நொடியில இருந்தா இதோட ஒத்துப்போகாது, 1/50 வைங்க. சினிமா கேமராவுல ஷட்டரைக் கோணமா வைப்பாங்க: நொடிக்கு 24 ஃபிரேம்னா 172.8 டிகிரி வச்சா அதே 1/50. டிவிக்கு 25 ஃபிரேம், அதுல 180 டிகிரியே 1/50 ஆயிடும். என் முதல் சீரியல்ல, ஒரு சமையல்கட்டு சீன்ல 1/60-ஐ மாத்தாம விட்டுட்டேன். சின்ன மானிட்டர்ல தெரியல. எடிட்டிங்ல பார்த்தா அம்மா வேஷம் போட்டவங்க முகத்து மேல சாம்பல் பட்டை ஏறி இறங்குது. மொத்தமும் திரும்ப எடுத்தோம். இன்னிக்கும் செட்டுக்குள்ள போனதும் அண்ணாந்து விளக்கைத்தான் முதல்ல பார்ப்பேன்.

ஆம்பூர் அம்மா: பொண்ணு இதுக்குத்தான் போவேன்னு நிக்கறா. அனுப்பலாமா?

தாராளமா அனுப்புங்கம்மா. பி.ஆர்.விஜயலட்சுமி 1985-லேயே ‘சின்ன வீடு’ படத்துக்கு ஒளிப்பதிவு பண்ணாங்க. சேரும்போதே நைட் ஷூட் முடிஞ்சா வீட்டுக்கு வண்டி உண்டான்னு கேட்டுக்கச் சொல்லுங்க. அது அவ உரிமை.

ஆற்காடு நண்பர்: சம்பளம்?

சீரியல்ல நாள் கணக்கு, தொடர்ந்து வரும். சினிமாவுல படத்துக்குப் பேசுவாங்க. நடுவுல மாசக்கணக்குல சும்மா இருக்க நேரும்.

சத்துவாச்சாரி தம்பி: கேமரா வாங்கக் காசில்லைண்ணா.

ஃபோன் போதும். மே மாசம் உச்சி வெயில்ல வேலூர்க் கோட்டைக்குப் போ. தங்கச்சிய வெட்டவெளியில நிக்க வச்சுப் பாரு: ரெண்டு கண்ணும் குழியா கறுத்துக் கிடக்கும். இப்ப வாசல் நிழலுக்குள்ள ரெண்டடி தள்ளி நிறுத்தி, வெயில்ல ஒரு வெள்ளைத் தெர்மாகோலைப் பிடிச்சு வெளிச்சத்தை முகத்துக்குத் திருப்பு. கருவிழியில சின்னதா ஒரு வெள்ளைப் புள்ளி மின்னும். அந்தப் படத்தை எனக்கு அனுப்பு, பார்க்கறேன்.