கபடி ஆடும் மகனுக்கு ரயில்வே வேலை கிடைக்குமா? தாராவி அம்மாவுக்கு ஒரு பதில்

பன்னிரண்டாம் வகுப்பு படிக்கும் மகன் புத்தகத்தைத் தொடுவதே இல்லை, "கபடி நல்லா ஆடினா ரயில்வேல எடுத்துக்குவாங்க" என்கிறான், நம்பலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். பாதி நம்பலாம் அம்மா. ரயில்வே 1928 முதலே தனி விளையாட்டு வாரியம் வைத்து வீரர்களை வேலைக்கு எடுத்து வருகிறது. கோலாப்பூர்ப் பக்கத்து ஸ்வப்னில் குசாலே மத்திய ரயில்வேயில் டிக்கெட் பரிசோதகராக இருந்துகொண்டேதான் 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் துப்பாக்கி சுடுதலில் வெண்கலம் வென்றார். ஆனால் 'நல்லா ஆடுறான்' என்ற பேச்சுக்கு அங்கே மதிப்பெண் கிடையாது. எந்தப் போட்டி, எந்த ஆண்டு, எத்தனையாவது இடம் என்றுதான் பார்ப்பார்கள்.

விளையாட்டு ஒதுக்கீட்டில் எழுத்துத் தேர்வு இல்லை. மொத்தம் 100 மதிப்பெண்: களத்தில் ஆடிக் காட்டும் ட்ரயலுக்கு 40, விளையாட்டுச் சாதனைக்கு 50, படிப்புக்கு 10. ட்ரயலில் 25 வாங்காதவர் அங்கேயே வெளியே. கடைநிலையான லெவல் 1 வேலைக்கு மொத்தத்தில் 60 வேண்டும், லெவல் 2, 3க்கு 65, லெவல் 4, 5க்கு 70. கணக்குப் போட்டுப் பாருங்கள்: ட்ரயலில் 25, படிப்புக்கு முழுசாகப் பத்தும் கிடைத்தாலும் 35தான் ஆகிறது. மீதி 25 சான்றிதழிலிருந்துதான் வர வேண்டும். ஆட்டம் பிரமாதமாக இருந்தும் பல பிள்ளைகள் தோற்பது இந்த இடத்தில்தான்.

சான்றிதழ் என்றால் எது? தாராவியிலும் பரேலிலும் மண்டல்கள் எனப்படும் உள்ளூர் மன்றங்கள் நடத்தும் ரொக்கப் பரிசுப் போட்டிகள் எத்தனை ஜெயித்தாலும் இங்கே செல்லாது. மாநில அணியில் இடம் பிடித்து, அங்கீகரிக்கப்பட்ட கபடி சம்மேளனம் நடத்தும் ஜூனியர் அல்லது சீனியர் தேசியப் போட்டிக்குப் போக வேண்டும். போனால் மட்டும் போதாது, அணி எத்தனையாவதாக வந்தது என்பதும் கணக்கு. இன்னொரு நல்ல வழி கல்லூரி. மும்பை பல்கலைக்கழக அணிக்கு ஆடி, அகில இந்தியப் பல்கலைக்கழகப் போட்டியில் முதல் மூன்று இடத்துக்குள் வந்தால் அதையும் எடுத்துக்கொள்வார்கள். மேற்கு மண்டலச் சுற்றோடு நின்றால் பயனில்லை. அதனால்தான் சொல்கிறேன், பன்னிரண்டாவதை விட்டுவிட்டால் கல்லூரி வழியும் சேர்ந்தே அடைபடும்.

வயது 18 முதல் 25 வரை. எந்தப் பிரிவினருக்கும் சலுகை இல்லை, ஒரு நாள் கூடினாலும் விண்ணப்பம் தள்ளுபடி. சாதனைக்கும் ஆயுசு உண்டு: நடப்பு நிதியாண்டும் அதற்கு முந்தைய இரண்டும்தான். பத்தொன்பது வயதில் வாங்கிய பதக்கத்தை இருபத்துமூன்றில் நீட்டினால் அது வெறும் ஞாபகப் பொருள். பதக்கம் கிடைத்த கையோடு, வரும் வேலை அறிவிப்புகளுக்கெல்லாம் விண்ணப்பம் போட வேண்டும்.

எங்கே போடுவது? மும்பையிலேயே இரண்டு ரயில்வே இருக்கிறது: சிஎஸ்எம்டி (சத்ரபதி சிவாஜி மகராஜ் டெர்மினஸ்) நிலையத்தைத் தலைமையிடமாகக் கொண்ட மத்திய ரயில்வே, சர்ச்கேட்டில் மேற்கு ரயில்வே. சென்னையில் தெற்கு ரயில்வேயும் பெரம்பூர் ரயில் பெட்டித் தொழிற்சாலையான ஐசிஎஃப்பும் தனித்தனியே ஆள் எடுக்கும். எந்த ஊர்க்காரரும் எங்கும் விண்ணப்பிக்கலாம். கட்டணம் 500 ரூபாய், ட்ரயலுக்குப் போனால் 400 திரும்பி வரும். பெண்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி. பிரிவினருக்கும் 250, ட்ரயலுக்கு வந்தால் முழுவதும் திரும்பும். இதற்கு மேல் யாராவது 'உள்ளே ஆள் இருக்கு' என்று பணம் கேட்டால் வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

அறிவிப்பில் வெறும் 'கபடி' என்று பார்த்து நின்றுவிடக் கூடாது. ரெய்டர் (பாடிப் போகிறவர்) வேண்டும், இடது கார்னர் (இடது ஓரத்தில் நின்று பிடிப்பவர்) வேண்டும் என்று ஆடும் இடம் குறித்தே கேட்பார்கள். அவன் ஆடும் இடம் கேட்கப்படாவிட்டால் அந்த முறை விட்டுவிடுவதே நல்லது. பொய்யாக மாற்றி எழுதினால் ட்ரயலில் பத்து நிமிடத்தில் பயிற்சியாளருக்குத் தெரிந்துவிடும்.

சம்பளம் லெவல் 1க்கு அடிப்படை 18,000, லெவல் 2க்கு 19,900, லெவல் 5க்கு 29,200, படிகள் தனி. லெவல் 1க்குப் பத்தாவது, 2, 3க்குப் பன்னிரண்டாவது, 4, 5க்குப் பட்டம் வேண்டும். முட்டி ஜவ்வு கிழிந்து ஆட்டம் நின்ற பிறகும் ஓய்வு வரை அலுவலக வேலை இருக்கும். அப்போது பதவி உயர்வுக்குத் துறைத் தேர்வு எழுத வேண்டிவரும், படிப்புப் பழக்கம் கைகொடுப்பது அன்றைக்குத்தான். கண்ணையும் இப்போதே சோதித்துவிடுங்கள். ரயிலைத் தடம் மாற்றிவிடும் பாயிண்ட்ஸ்மேன் போன்ற வேலைகளுக்குக் கண்ணாடி இல்லாமலே தூரப்பார்வை தெளிவாக இருக்க வேண்டும்.

இந்த வாரமே செய்ய வேண்டிய ஒன்று உண்டு. நம் பிள்ளைகளின் பெயர் ஆதாரில் இனிஷியலோடும், பள்ளிச் சான்றிதழில் அப்பா பெயர் நீண்டும், கபடிச் சங்கத்தின் தாளில் மராத்தி வழக்கப்படி குடும்பப்பெயர் சேர்த்தும் இருக்கும். ரயில்வே சான்றிதழைச் சரிபார்க்க சம்மேளனத்துக்கே அனுப்பும், அங்கே பெயர் ஒத்துவராவிட்டால் வந்த வேலையும் கிடப்பில் போய்விடும். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் உள்ளபடியே, பிறந்த தேதியோடு, சங்கப் பதிவில் திருத்தச் சொல்லுங்கள். அடுத்த மாவட்ட அணித் தேர்வுக்குப் பெயர் கொடுக்கும் முன் அது முடிந்திருக்கட்டும்.