செப்டம்பர் என்று ஒரு குடும்பப் பெயர்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

தென்னாப்பிரிக்காவின் ஸ்டெல்லன்போஷில் வேலை பார்க்கிறேன். ஆஃப்ரிகானர் (அங்கே குடியேறிய ஐரோப்பியரின் வழிவந்த வெள்ளையர்) நண்பர் ஒருவர் தன் குடும்ப ஒன்றுகூடலுக்கு அழைத்துப் போனார். திராட்சைத் தோட்டம், பெரிய வெள்ளை வீடு, இருநூறு பேர். 1688இல் வந்த பிரெஞ்சு மூதாதையில் தொடங்கும் வம்சாவளியைச் சுவர் நீளத்துக்கு ஒட்டியிருந்தார்கள். சாப்பாட்டுக்கு முன் ஜெபம், பின் வேதவாசிப்பு. பெரியவர்களை ‘ஊம்’, ‘டான்னி’ என்று நம் மாமா, அத்தை போலவே கூப்பிடுகிறார்கள். என்னை அவ்வளவு அன்பாகக் கவனித்தார்கள். சமையல் செய்த அம்மாளின் குடும்பப் பெயர் செப்டம்பர். நாலு தலைமுறையாக அங்கேதானாம். ஆனால் ஜெபத்தில் அவர் உட்காரவில்லை. இந்தப் பக்தி வெறும் வேஷமா?

வி.

அன்புள்ள வி.,

வேஷம் என்று சொல்லிவிட்டால் நமக்கு வேலை மிச்சம். பக்தி உண்மையானது, சிக்கலே அதுதான். 1857இல் ஆஃப்ரிகானர்களின் திருச்சபையான டச்சு சீர்திருத்தச் சபையின் சினாடு (பொதுப் பேரவை) ஒரு தீர்மானம் போட்டது. எல்லாரும் ஒன்றாக ஆராதிப்பதே வேதத்துக்கு ஏற்றது, ஆனாலும் ‘சிலருடைய பலவீனத்தால்’ தனியாகக் கூடலாம் என்றது. பலவீனம் வெள்ளையருடையது! கறுத்தவர் பக்கத்தில் இராப்போஜனம் எடுக்க முடியாத பலவீனம். 1881இல் கலப்பினத்தவருக்கென்று தனிச் சபையே வந்துவிட்டது. விதிவிலக்காக வந்த பிரிவினைக்கு ஆதாரமாகப் பின்னால் வேத வசனமும் தேடிக்கொண்டார்கள்.

அதே வேதத்தைப் படித்தவர்தான் நிறவெறியை எதிர்த்த போதகர் பெயர்ஸ் நௌடே. ஆஃப்ரிகானர் ரகசியச் சங்கமான புரூடர்போண்டைத் தொடங்கியவர்களில் அவர் அப்பாவும் ஒருவர். மகன் 1963இல் அதைவிட்டு வெளியேறினார். 1977 முதல் ஏழு வருடம் அரசாங்கம் அவருக்குத் தடை விதித்து முடக்கி வைத்தது.

செப்டம்பருக்கு வருகிறேன். டச்சுக்காரர் குடியேறிய கேப்பில், அதாவது உங்கள் பகுதியில், அடிமைகளுக்கு மாதப் பெயரை இட்டார்கள். பிப்ரவரி, ஏப்ரல் குடும்பங்களும் உண்டு. வந்த ஊரையும், டச்சில் ‘இருந்து’ என்று பொருள்படும் ‘வான்’ போட்டுச் சேர்த்து எழுதுவார்கள்: வங்காளம், மலபார், நம் சோழமண்டலக் கரை. (ஆஃப்ரிகானர் பேசும் ஆஃப்ரிகான்ஸ் மொழியில் கட்டிலுக்கு ‘காட்டெல்’ என்றும் ஒரு சொல் உண்டு. மலாய் வழியாகப் போன நம் சொல்தான்.)

வங்காளத்திலிருந்து வந்த ஆன்செலா, கேப் குடியேற்றத்தைத் தொடங்கிய ரீபெக்கின் வீட்டில் அடிமையாக இருந்தவர். 1666இல் விடுதலையாகி, 1669இல் பாசோன் என்பவரை மணந்தார். பாசோன் குடும்பங்களுக்கு அவர்தான் மூதாய். நிறவெறிக் காலத்தில் இப்படிப்பட்ட பாட்டிகளைப் பற்றி வாய் திறக்கமாட்டார்கள்.

அதனால் ஓர் உதவி. அந்தச் சுவரில் முதல் மூன்று தலைமுறைப் பெண்களின் பெயர்களை மட்டும் படம் எடுத்து அனுப்பச் சொல்லி நண்பரிடம் கேளுங்கள். ‘வான்’ என்பதற்குப் பின் என்ன ஊர் இருக்கிறது என்று பார்க்க வேண்டும்.